மீன்பிடி போட்டு வாங்கப் போறீங்களா, முதல்ல ஏலக்காரர் நோட்ட வாங்கிப் பாருங்க

கேள்வி: வணக்கம் அண்ணே. நமக்கு ஊரு கருங்கல் பக்கம். 11 வருஷம் ஷார்ஜால ஏசி மெக்கானிக்கா இருந்துட்டு இனி போக வேண்டாம்னு வந்தாச்சு. வீட்டுக்காரிக்கு ஊரு குளச்சல் கடப்புறம், அவ தம்பி விசைப்படகுல டிரைவர். அவன் ஓட்டுற போட்டையே ஓனர் விக்கப் போறாராம். 62 அடி, மரத்துக்கு மேல ஃபைபர் போட்டது, 9 வருஷப் பழசு, 40 லட்சம் சொல்றாங்க. நான் 20 லட்சம் போட்டு பாதிப் பங்கு எடுத்தா மாசம் ஒரு லட்சம் கைக்கு வரும்னு மச்சினன் சொல்றான், மத்த பாதி அவனும் அவன் கூட்டாளியும். ஜூன்ல மீன்பிடித் தடை வருது, அதுக்கு முன்ன முடிச்சாதான் இந்த விலைன்னு ஓனர் அவசரப்படுத்துறாரு. எனக்கு இன்ஜின் கொஞ்சம் தெரியும், கடல் தெரியாது. என்னெல்லாம் பாக்கணும், வாங்கலாமா?

பதில்:

தம்பி, வாங்கலாமான்னு கடைசில சொல்றேன். அதுக்கு முன்ன உங்க லெட்டர்லயே ஒரு வரி என்ன உறுத்துது, தடைக்கு முன்ன முடிக்கணும்னு ஓனர் அவசரப்படுத்துறாரே, அது. நான் 20 வருஷம் போட்டு இன்ஜின் பிரிச்சி மாட்டினவன், அப்புறம் இன்சூரன்சுக்கும் பேங்குக்கும் படகு பாத்து விலை சொல்ற வேலைக்கு வந்தவன், இத்தன வருஷத்துல தெரிஞ்சுகிட்ட விஷயம், போட்டு தண்ணில நிக்கிறப்ப விக்க ஆசப்படுறவருக்கு அது கரையேறுறப்ப என்னத்தையோ காட்டிரும்னு ஒரு பயம் இருக்கும். எல்லாரும் அப்படின்னு சொல்லல. ஆனா ஜூன் மாசம் எப்படியும் எல்லா போட்டும் வேலைக்கு ஏத்துவாங்க, அப்ப பாத்து வாங்குறதுல உங்களுக்கு நஷ்டம் ஒண்ணும் இல்ல, அவருக்குத்தான் இருக்கும்.

தடைன்னு சொன்னதும் இன்னொண்ணு. நம்ம மாவட்டத்துல தடை ரெண்டு. சின்னமுட்டம் கிழக்குக் கடற்கரைக் கணக்கு, அங்க ஏப்ரல் 15லருந்து ஜூன் 14 வரைக்கும். குளச்சல், முட்டம், தேங்காப்பட்டணம் மேற்குக் கடற்கரைக் கணக்கு, ஜூன் 1லருந்து ஜூலை 31. ரெண்டும் 61 நாள். ஒரே மாவட்டத்துல இப்படி ரெண்டு இருக்கறதால, குளச்சல்ல மூடினா சின்னமுட்டத்துல கொண்டு போய் கட்டி தொழில் பண்ணலாமேன்னு வெளியிலருந்து வர்ற ஒவ்வொரு பார்ட்னரும் என்கிட்ட கேட்டிருக்காங்க, நீங்களும் கேப்பீங்க, அதனால முந்திச் சொல்லிட்டேன், அந்த நெனப்ப விட்ருங்க. அந்தத் துறைக்காரங்க விட மாட்டாங்க, ஊருக்கு ஊரு சண்டையாகும், மீன்வளத்துறை ஆபீஸ்லயும் பதில் சொல்லி முடியாது. அங்க தொழிலே வேற மாதிரி, விடியக்காலம் 5 மணிக்குப் போயி ராத்திரி 9 மணிக்குள்ள திரும்பணும். குளச்சல் போட்டு தங்கல் போட்டு, ஐஸ் ஏத்திட்டுப் போனா பத்து நாள் பன்னெண்டு நாள் கடல்லயே கிடக்கும். அதனால வருஷத்துக்கு ரெண்டு மாசம் சும்மா கிடக்கும்னே எழுதி வச்சுக்கோங்க, அந்த ரெண்டு மாசத்துலதான் செலவும் வரும்.

சரி, இப்ப விஷயத்துக்கு வாறேன். நீங்க இன்ஜின் தெரிஞ்ச ஆளு, அதனால நேரா இன்ஜின் ரூமுக்குள்ள இறங்கிருவீங்க. அது அப்புறம். முதல்ல அந்த போட்டு மீன எந்த ஏலக்காரர் கிட்ட போடுதுன்னு கேளுங்க, அவரோட நோட்ட, இல்லன்னா அவர் கொடுத்த பில்ல, போன ஆகஸ்ட்லருந்து இதுவரைக்கும் தங்கல் வாரியா வாங்குங்க. இது ஒண்ணு கைல வந்தா பாதி போட்ட பாத்த மாதிரி.

ஏன்னு சொல்றேன். ஒரு நாள் விடியக்காலம் 4 மணிக்கு ஹார்பர்ல போய் நில்லுங்க. போட்டு உள்ள வந்து கட்டும், ஐஸ் அறையோட மூடியத் தொறந்து கூடை கூடையா இறக்குவாங்க, கணவாய் தனியா கிளிமீன் தனியா நவரை தனியா சிமெண்டு தரைல கொட்டிக் குவிப்பாங்க, ஏலக்காரர் ஒருத்தர் குவியலுக்கு நடுவுல நின்னுகிட்டு விலை கூப்பிடுவாரு, சுத்தி நிக்கிற வியாபாரி கண்ணச் சிமிட்டுவான், முடிஞ்சது. உங்களுக்கு ஒண்ணும் புரியாது, பரவால்ல. மீனுக்கான பைசா வியாபாரி கிட்டருந்து ஓனர் கைக்கு நேரா வராது. ஏலக்காரர்தான் பொறுப்பு, அவர் கமிஷன் எடுத்துட்டு மிச்சத்தக் கொடுப்பாரு. அவரு ஏன் இவ்ளோ பொறுப்பெடுக்காருன்னா, பெரும்பாலும் அந்த போட்டு வாங்குறப்பயோ வலை வாங்குறப்பயோ இன்ஜின் பிரிச்சப்பயோ அவரு துட்டு கொடுத்திருப்பாரு. அந்தக் கடன் இருக்கற வரைக்கும் மீன் அவர் கிட்டதான் போடணும். பேப்பர்ல எங்கயும் இருக்காது, பேங்குல கேட்டாலும் தெரியாது, ஆர்.சி.லயும் வராது, ஆனா ஹார்பர்ல நிக்கிற சாயாக்கடைக்காரருக்குக் கூடத் தெரியும்.

இப்படித்தான் எனக்குத் தெரிஞ்ச ஒருத்தர், உங்கள மாதிரி வெளிநாட்டுலருந்து வந்தவரு, ஊரு பேரு வேண்டாம், போட்டு வாங்கி முதல் தங்கலுக்கு விட்டாரு. நல்ல மீனு, அஞ்சே கால் லட்சத்துக்குப் போச்சு. வீட்டுல எல்லாரும் சந்தோஷமா இருக்காங்க, இவரு பைசா வாங்கப் போனா ஏலக்காரர் நோட்டப் பிரிச்சுக் காட்டுறாரு, பழைய ஓனர் வாங்கின பாக்கி 7 லட்சம், இதுல பாதியப் பிடிச்சாச்சு மீதி இனி வர்ற தங்கல்லன்னு. நான் வாங்கல பழைய ஆளு வாங்கினதுன்னு இவரு சொல்லுதாரு, கடன் போட்டுக்குத்தான் ஆளுக்கு இல்லன்னு அவரு சொல்லுதாரு. யாரு சொன்னது சரின்னு கோர்ட்டுக்குப் போனா தெரியும், ஆனா அதுக்குள்ள அடுத்த தங்கலுக்கு ஐஸ் போடணுமே, கடைசில இவரு தலையாட்டினாரு. நான் அந்த போட்டுக்கு இன்ஜின் பாத்து கொள்ளாம், நல்லாயிருக்குன்னு சர்டிபிகேட் கொடுத்த ஆளு. இன்ஜின் கொள்ளாம்தான். அவரு இன்னிக்கும் என்னப் பாத்தா முகம் கொடுக்க மாட்டாரு, அவரு மேல எனக்குக் கோபமும் இல்ல.

ஏலக்காரர் பாக்கி மாதிரியே டீசல் பங்க்ல ஒரு பாக்கி இருக்கும், ஐஸ் பிளாண்ட்ல ஒரு பாக்கி, வலைக்கடைல ஒரு பாக்கி. அது கேட்டா சொல்லிருவாங்க. பெரிசு என்னன்னா பணிக்காரங்க அட்வான்ஸ். தடை சமயத்துல தொழிலாளிக்கு வருமானம் கிடையாது, பிள்ளைகளுக்கு ஸ்கூல் ஃபீஸ் வேற அப்பதான் வரும், அதனால ஓனர் கிட்ட அம்பதாயிரம் எழுபதாயிரம்னு வாங்கி வச்சிருப்பாங்க, அடுத்த சீசன்ல அவங்க பங்குல கொஞ்சம் கொஞ்சமாப் பிடிப்பாங்க. பத்து பேருன்னா கணக்குப் போட்டுப் பாருங்க. போட்டு கை மாறுனா இந்த அட்வான்ஸ் யாருக்கு? வாங்குறவரு கொடுத்துத் தீத்து எடுத்துக்கணும்னுதான் விக்கிறவரு சொல்லுவாரு, அது 40 லட்சத்துக்கு உள்ளயா வெளியயான்னு தெளிவா கேளுங்க. இன்னொண்ணையும் சொல்லுதேன், தப்பா எடுத்துக்காதீங்க, உங்க மச்சினன் அந்த போட்டுல டிரைவர்னு சொன்னீங்க, அவரு ஓனர் கிட்ட எவ்ளோ அட்வான்ஸ் வாங்கியிருக்காருன்னும் கேக்கணும். அவரு கெட்ட எண்ணத்துல சொல்றாருன்னு நான் சொல்லவே இல்ல, டிரைவர்னா ரெண்டு லட்சம் மூணு லட்சம் வாங்கியிருக்கறது சாதாரணம், ஆனா போட்டு வித்தா அந்தக் கடன் அடையும்னு ஒரு ஓரத்துல இருந்தா மனுஷனுக்கு ஒரு லட்சம்ங்கறது தானா வாய்ல வந்திரும்.

அந்த ஒரு லட்சத்தப் பாப்போம். நான் போடுற கணக்குல இருக்கற தொகை எல்லாம் உதாரணத்துக்கு, உங்க போட்டோட நோட்டு வந்ததும் அத வச்சு மாத்திக்கோங்க. வலை இழுக்குறப்ப இன்ஜின் 100 ஹெச்.பி. அளவுக்கு வேலை செஞ்சா மணிக்கு 19 லிட்டர் டீசல் குடிக்கும், அது உங்களுக்கே தெரியும். ஒரு நாளைக்கு 16 மணி நேரம் ஓட்டம், பத்து நாள் தங்கல், 3,040 லிட்டர். லிட்டர் 90 ரூபான்னு வைங்க, 2 லட்சத்து 73 ஆயிரத்து 600. ஐஸ், அரிசி சாமான், தண்ணி, காய்கறி, கேஸ், சில்லறை எல்லாம் 60 ஆயிரம். ஆக கயித்த அவுக்குறதுக்கு முன்னாலயே 3 லட்சத்து 33 ஆயிரத்து 600 ரூபா கடல்ல போட்டாச்சு. இப்ப 6 லட்சத்துக்கு மீன் வந்தா, ஏலக்காரருக்கு நூத்துக்கு அஞ்சு 30 ஆயிரம் போக, செலவும் போக மிச்சம் 2 லட்சத்து 36 ஆயிரத்து 400. இதுலதான் பங்கு. பங்கு முறை துறைக்குத் துறை மாறும், போட்டுக்கு அறுபது பணிக்காரங்களுக்கு நாப்பதுன்னு வச்சா போட்டுக்கு 1 லட்சத்து 41 ஆயிரத்து சொச்சம், அதுல உங்களுக்குப் பாதி 70 ஆயிரத்து சொச்சம். மாசத்துக்கு ரெண்டு தங்கல், உங்க மச்சினன் சொன்ன ஒரு லட்சத்துக்கு மேலயே வருது. அவரு பொய் சொல்லல பாத்தீங்களா. நல்ல தங்கல மட்டும் எண்ணிருக்காரு.

இதே போட்டு மூணரை லட்சத்துக்கு மீன் கொண்டு வந்தா? கமிஷன் 17,500 போக 3,32,500. செலவு 3,33,600. 1,100 ரூபா கையக் கடிக்குது. பத்து நாள் கடல்ல கிடந்துட்டு வந்த பத்து பேருக்கு ஒண்ணும் இல்லன்னு சொல்ல முடியுமா, ஓனர் கைலருந்து ஆளுக்கு ரெண்டாயிரம் மூவாயிரம் கொடுக்கணும், அதுவும் அட்வான்ஸ்ல ஏறும். வருஷத்துக்கு 20 தங்கல்ல எட்டு நல்ல தங்கல், மீதி பன்னெண்டும் வந்ததுக்கும் போனதுக்கும் சரின்னு வைங்க. எட்டு தங்கலுக்கு போட்டுப் பங்கு 11 லட்சத்து 34 ஆயிரம். அதுல தடைக்கால வேலை, வலை, கம்பிக் கயிறு, வலைய விரிச்சுப் பிடிக்கிற பலகை, இன்சூரன்ஸ் எல்லாத்துக்கும் 6 லட்சம் கழிங்க. 5 லட்சத்து 34 ஆயிரம். உங்க பாதி 2 லட்சத்து 67 ஆயிரம், மாசம் 22 ஆயிரம். 20 லட்சத்த பேங்குல நூத்துக்கு ஏழுல போட்டா கூட வருஷம் 1 லட்சத்து 40 ஆயிரம் வரும், ராத்திரி தூங்கவும் செய்யலாம். 9 வருஷப் போட்டு இன்னும் அஞ்சாறு வருஷத்துல 40 லட்சத்துக்குப் போகாதுங்கறது வேற. எட்டு தங்கல் இல்ல பதினாலு தங்கல் நல்லா வந்துச்சுன்னு நோட்டு சொன்னா நான் சொன்ன கணக்கு தலைகீழா மாறும், அதுக்குத்தான் நோட்டு நோட்டுன்னு கிடந்து அடிச்சுக்கிறேன். ஆகஸ்ட், செப்டம்பர் பில்ல மட்டும் காட்டுனா வாங்காதீங்க. தடை முடிஞ்சு போற முதல் ரெண்டு மூணு தங்கல்ல கணவாயும் கிளிமீனும் எல்லா போட்டுக்கும் கிடைக்கும், அது கடலோட புண்ணியம். ஜனவரிலருந்து ஏப்ரல் வரைக்கும் உள்ள பில்லுலதான் டிரைவரோட கையும் போட்டோட நிலவரமும் தெரியும்.

இனி போட்டுக்கு வருவோம். மரத்துக்கு மேல ஃபைபர்னு சொன்னீங்க. வெளிய பாத்தா புது பெயிண்டுல மினுமினுன்னு இருக்கும், அந்த ஃபைபர் சட்டைக்குள்ள மரம் எப்படி இருக்குன்னுதான் கேள்வி. கரையேத்தினதும் ரெண்டு நாள் காய விட்டு, அரைக்கிலோ சுத்தியல் ஒண்ண எடுத்துட்டு அடில முதுகெலும்பு மாதிரி நீளமா ஓடுற ஏரா மரத்துலருந்து தொடங்கி பலகை பலகையா தட்டிட்டு வாங்க. நல்ல மரம் டங்குன்னு திருப்பிக் கொடுக்கும், கைலயே தெரியும். ஃபைபர் மரத்த விட்டுப் பிரிஞ்ச இடத்துல டப்புன்னு காத்தடைச்ச சத்தம் வரும். மரம் அழுகுன இடத்துல தொப்புன்னு விழும், சுத்தியல் எழும்பவே செய்யாது. அந்த இடத்துல சாக்பீஸ்ல வட்டம் போட்டுட்டே போங்க, முடிஞ்சப்புறம் பத்தடி தள்ளி நின்னு பாத்தா எங்க வட்டம் கூட்டமா இருக்கோ அங்கதான் வியாதி. ஃபைபர் உடைஞ்சு மரம் வெளிய தெரியிற இடம் தண்ணி மட்டத்துக்குக் கீழ இருந்தா புழு ஏறியிருக்கும், வெளிய குண்டூசி ஓட்டைதான் இருக்கும், உள்ள விரல் போற அளவுக்கு சுரங்கம் வெட்டி வச்சிருக்கும்.

எல்லாரும் வெளிய தட்டிட்டு விட்ருவாங்க, நீங்க ஐஸ் அறைக்குள்ள இறங்குங்க. உப்புத்தண்ணி மரத்த அவ்ளோ சீக்கிரம் அழுக விடாது, நல்ல தண்ணிதான் அழுக வைக்கும். ஐஸ் உருகுனா நல்ல தண்ணி. ஒன்பது வருஷமா தங்கலுக்குத் தங்கல் அந்த அறைக்கு அடில ஐஸ் தண்ணி சொட்டிச் சொட்டி இறங்கியிருக்கும், விலா எலும்பு மாதிரி நிக்கிற வங்கு மரத்தோட அடிக்கால்ல போய் தேங்கியிருக்கும். அறையோட அடிப்பலகை ரெண்டு எடுத்துப் பாக்கணும்னு சொல்லுங்க, ஓனர் யோசிப்பாரு, செலவு நான் தாறேன்னு சொல்லுங்க. ஒரு ஸ்குரூ டிரைவர வங்குல வச்சு அமுக்குங்க. எனக்கு ஒரு தடவ பிடி வரைக்கும் உள்ள போச்சு, கேக்குக்குள்ள போற மாதிரி, அந்த போட்டு அதுக்கு முந்தின வாரம் வரைக்கும் பத்து பேரோட கடல்ல கிடந்த போட்டு. அதுக்கும் முன்ன ஒரு தடவ நான் அந்தப் பலகைய எடுக்காமலே பாஸ் பண்ணியிருக்கேன், மழை வரப்போகுதுன்னு ஒரு அவசரம், அந்த போட்டு அந்த சீசன்லயே தண்ணி எடுத்து இன்னொரு போட்டு இழுத்துட்டு வந்து சேத்தாங்க, ஆளுக்கு ஒண்ணும் ஆகல. அன்னிலருந்து மழையானாலும் வெயிலானாலும் அடிப்பலகை எடுக்காம நான் கையெழுத்துப் போடுறதில்ல.

அப்படியே பின்பக்கம் போனீங்கன்னா புரொப்பல்லர ஒரு இடத்துல அரம் வச்சு லேசா சுரண்டுங்க. மஞ்சளா மின்னுனா சரி. செம்பு மாதிரி ரோஸ் கலர்ல இருந்தா துத்தநாகம் கரைஞ்சு போச்சு, ஒரு நாள் இதழ் ஒடிஞ்சு விழும். புரொப்பல்லர் சாஃப்ட்ட ரெண்டு கையால மேல கீழ தூக்கி ஆட்டிப் பாருங்க, கடகடன்னா புஷ் போயிருக்கு. சுக்கான் அதே மாதிரி.

இன்ஜின் உங்க ஏரியா, அதனால சுருக்கமா. முன்ன சொல்லாம காலைல போங்க, போனதும் இன்ஜின் மேல கைய வைங்க, சூடா இருந்தா திரும்பி வந்து சாயா குடிச்சுட்டு அடுத்த நாள் போங்க. ஏன்னா ஆறிக் கிடந்தா ஸ்டார்ட் ஆகாத இன்ஜின முந்தியே ஓட்டிச் சூடாக்கி வச்சிருப்பாங்க. ஆயில் ஸ்டிக்க எடுத்துப் பாருங்க, ஆயில் நம்ம ஊரு பால் சாயா கலர்ல இருந்தா உள்ள தண்ணி போயிருக்கு. ஓடுறப்ப ஆயில் ஊத்துற மூடியக் கழட்டினா புஸ்ஸு புஸ்ஸுன்னு புகை தள்ளுச்சுன்னா ரிங் தேஞ்சாச்சு. ஏசி கம்ப்ரஸர் சத்தம் கேட்ட காதுக்கு மிச்சத்த நான் சொல்ல வேண்டாம். ஆனா ஒண்ணு உங்களுக்குத் தெரிஞ்சிருக்காது, நம்ம மாநிலத்துல விசைப்படகு இன்ஜின் 240 ஹெச்.பி.க்கு மேல இருக்கக் கூடாது. இன்ஜின் மாத்தியிருந்தா பிளேட்ல உள்ள நம்பரும் பதிவுல உள்ள நம்பரும் ஒண்ணான்னு பாருங்க, பழைய பிளேட்ட கழட்டி புது இன்ஜின்ல அடிச்சு வச்சிருக்கற ஜோலியெல்லாம் நடக்கும். தடைக்காலத்துல மீன்வளத்துறை ஆளுங்க போட்டு போட்டா வந்து பாப்பாங்க, அன்னிக்கு மாட்டினா அப்ப ஓனரா இருக்கறது நீங்க.

பேப்பர்னா, படகு நம்பர் ஐ.என்.டி. டி.என். 15 எம்.எம்.னு தொடங்கும், 15 நம்ம மாவட்டம், எம்.எம். விசைப்படகு. உங்க பேரும் அந்தப் பதிவுல சேரணும். பத்திரத்துல எழுதிக்கலாம், பதிவு மச்சினன் பேர்லயே கிடக்கட்டும்னு வீட்டுல சொல்லுவாங்க, குடும்பத்துக்குள்ள என்னன்னு கேப்பாங்க, ஒத்துக்காதீங்க. வரிவிலக்கு டீசல், இன்சூரன்ஸ், ஏதாவது ஆச்சுன்னா வர்ற நிவாரணம் எல்லாம் பதிவுல பேரு உள்ளவருக்குத்தான். பேங்கு லோன் எதுவும் நிக்கலன்னு ஒரு லெட்டர் வாங்குங்க. போட்டு கரையோரம் 5 கடல் மைலுக்குள்ள வலை இழுத்து ஏதாவது கேஸ் இருக்கான்னு மீன்வளத்துறை உதவி இயக்குநர் ஆபீஸ்ல கேட்டுருங்க, வள்ளக்காரங்களோட வலைய அறுத்த தகராறு பாக்கி இருந்தா அதுவும் போட்டோட சேந்துதான் வரும், அது ஆபீஸ்ல தெரியாது, சர்ச்சுல பங்குப் பேரவைல கேட்டா சொல்லுவாங்க.

போட்டுக்குள்ள ஏறினா நான் முதல்ல பாக்கறது ஒயர்லெஸ். 2017 நவம்பர் 30க்கு முன்ன அப்படி இல்ல. ஒக்கி புயல் வந்தப்ப தூத்தூர், வள்ளவிளை, சின்னத்துறைன்னு அந்தப் பக்கத்துப் பிள்ளைங்க ஆழ்கடல்ல கிடந்தாங்க, கரைலருந்து சொன்ன எதுவும் அவங்களுக்கு எட்டல. வி.எச்.எஃப். செட்டு பத்து பதினஞ்சு கடல் மைல் தாண்டுனா ஊமை. உங்க போட்டு தங்கல் போட்டு, அதனால வி.எச்.எஃப். மட்டும் போதாது, சேட்டிலைட் வழியா மெசேஜ் அனுப்புற இஸ்ரோ டிரான்ஸ்பாண்டர் இருக்கணும், இருந்தா பத்தாது ஓடணும், மச்சினன் கைல கொடுத்து உங்க கண் முன்னால ஒரு மெசேஜ் அனுப்பச் சொல்லுங்க. பல போட்டுல அது டப்பாக்குள்ள தூங்குது. லைஃப் ஜாக்கெட்ட எண்ணுங்க, எண்ணிட்டு ஒண்ண எடுத்து நீங்களே மாட்டிப் பாருங்க, வாரு அறுந்து கைல வரும் பாதிக்கு. இத சொல்றப்ப சிலரு சிரிப்பாங்க. சிரிச்சா அந்த போட்டுல பைசா போடாதீங்க, அவ்ளோதான்.

சரி, வாங்கலாமான்னு கேட்டீங்க. இப்ப, இந்த விலைக்கு, தண்ணில நிக்கிற போட்ட, வேண்டாம். ஜூன் முதல் வாரம் கரையேறட்டும். அதுக்குள்ள நோட்டு வரட்டும். நோட்ட கொடுக்க மாட்டேன்னு சொன்னா அங்கயே கதை முடிஞ்சது, சுத்தியலுக்கு வேலையே இல்ல. நோட்டு நல்லாயிருந்து மரமும் நல்லாயிருந்து பாக்கி எல்லாம் விலைக்குள்ள கழிச்சுத் தந்தா, அப்பவும் 20 லட்சத்தையும் முழுசாப் போடாதீங்க, கால் பங்கு எடுங்க, மிச்சத்த வச்சுக்கோங்க, ஏன்னா முதல் சீசன்ல ஒரு வலை கிழியும் ஒரு கியர் பாக்ஸ் போகும், அப்ப வட்டிக்கு ஓடுறவருக்குத்தான் போட்டு கைய விட்டுப் போகுது. மச்சினன் கூட ஒரு பேப்பர் எழுதுங்க, தங்கல் முடிஞ்ச மூணாம் நாள் கணக்கு, யாரு நோட்டு எழுதறது, அவரு வேற போட்டுக்குப் போனா அவரு பங்கு என்ன ஆகும்னு. எழுதுறப்ப உங்க வீட்டுக்காரிய பக்கத்துல உக்கார வைங்க. நாளைக்கு சண்டை வந்தா நடுவுல நிக்கப் போறது அவங்கதான், அவங்க சம்மதிச்ச பேப்பரா இருக்கட்டும்.

இன்னொண்ணு, நீங்க கேக்கல, ஆனா உங்க லெட்டரப் படிச்சதுலருந்து மனசுல கிடக்கு. நீங்க ஏசி மெக்கானிக். ஹார்பர்ல ஐஸ் பிளாண்ட்ல கம்ப்ரஸர் நின்னா ஆளத் தேடி எங்கெல்லாமோ ஓடுறாங்க. அது அமோனியா, நீங்க பழகின ஏசி கேஸ் இல்ல, கவனக்குறைவா இருந்தா மூச்சு முட்டி ஆள் போயிரும், அதனால ஆறு மாசம் தெரிஞ்சவங்க கிட்ட நின்னு படிக்கணும். உப்புத்தண்ணித் தொட்டில கேனு கேனா இறக்கி ஒரு நாளைக்கு மேல ஆகும் கட்டி பிடிக்க, சீசன் நேரத்துல அதுக்குள்ள மிஷின் நின்னா பத்து போட்டு ஐஸ் இல்லாம கட்டிக் கிடக்கும், அன்னிக்கு மெக்கானிக்க அவங்க பாக்குற பார்வையே வேற. மீன் கொண்டு போற வண்டிலயும் கூலிங் மிஷின் இருக்கு, அதுக்கும் ஆள் குறைவுதான். போட்டுல கால் பங்கு, கைல ஒரு டூல்ஸ் பை, இப்படியும் ஒரு வழி இருக்கு, யோசிங்க.

ஜூன்ல போட்டு ஏத்துற அன்னிக்கு ஒரு வார்த்த சொல்லி விடுங்க, நான் வாறேன். சுத்தியல் என்கிட்ட இருக்கு, சாக்பீஸ் ஒரு பாக்கெட் வாங்கி வச்சிருங்க.